கடல் கடந்து வரும் டிக்ரி

வீராணம் ஏரியின் தென்பாகத்தில், காட்டுமன்னார்கோவிலை அடுத்துள்ள லால்பேட்டையை நம் வாசகர்களில் பலர் அதன் வெற்றிலையைக் கொண்டே அறிந்திருப்பார்கள். பராந்தக சோழன் காலத்தில் வெட்டப்பட்ட அந்த ஏரியின் நீரால் வளர்ந்த கொடிக்கால்கள் ஒருபுறம். 1862-ஆம் வருஷத்தில் ஸ்தாபிக்கப்பட்டு இன்றளவும் நடந்துவரும் அரபுக் கலாசாலை மற்றொருபுறம். இவ்விரண்டுக்கும் மேலாக அவ்வூருக்கு மூன்றாவதான ஒரு ஜீவனோபாயமும் ஏற்பட்டுப் பல வருஷங்களாகின்றன. அது கடல் கடந்த சம்பாத்தியம். துபாய், அபுதாபி, ஷார்ஜா என்னும் பெயர்கள் அங்குள்ள குழந்தைகளுக்குச் சிதம்பரம், கடலூர் என்பவை போலப் பழகிவிட்டன. கடலுக்கு அப்பாலிருந்து பணம் வரும் வரையில் யாருக்கும் கவலையில்லை. அதே வழியாகக் கடன் டிக்ரியும் வரலாம் என்ற நிலைமை 2020-ஆம் வருஷத்தில் ஏற்பட்டிருப்பதை மட்டும் அவ்வூரார் போதிய அளவு கவனித்ததாகத் தெரியவில்லை. கவனியாமல் இருப்பது லால்பேட்டை மட்டுமல்ல. ஆயினும் இத்தகைய ஊர்களுக்கே இது முதலில் சம்பந்தப்பட்ட விஷயமாதலால், அதை முன்னிட்டே நாம் எழுதுகிறோம்.

2020 ஜனவரி 17-ந் தேதி மத்திய சர்க்கார் கெஜட்டில் ஒரு விளம்பரம் பிரசுரித்தார்கள். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 44-ஏ பிரிவின் கீழ், ஐக்கிய அரபு எமிரேட்ஸ் நாட்டைப் பரஸ்பர ஏற்பாடுள்ள நாடாக அது பிரகடனம் செய்தது. அதாவது, அந்நாட்டின் குறிப்பிட்ட கோர்ட்டுகள் கொடுக்கும் பண டிக்ரியின் சர்டிபை செய்த நகலை நம் ஜில்லாக் கோர்ட்டில் தாக்கல் செய்தால், கடலூர் ஜில்லாக் கோர்ட்டே கொடுத்த டிக்ரியைப் போல அதை நிறைவேற்றலாம். அதற்கு முன்பு இவ்விதம் இல்லை. துபாய் பாங்கி ஒன்று அங்கே தீர்ப்புப் பெற்றிருந்தாலும், இங்கே அந்தத் தீர்ப்பை ஆதாரமாக வைத்து மூன்று வருஷத்துக்குள் புதிதாக ஒரு பிராது போட்டு, அதில் ஜெயித்து, அதற்கப்பால்தான் ஜப்திக்கு வரவேண்டும். இவ்வளவு தொந்தரவை எந்தப் பாங்கியும் விரும்புவதில்லை. ஆகவே ஊர் திரும்பியவன், கடனும் கடலோடு போயிற்று என்று எண்ணியிருந்தான். இரு நாடுகளுக்கும் இடையே இதைப் பற்றிய உடன்படிக்கை 1999-லேயே கையெழுத்தாயிற்று. இருபது வருஷம் தூங்கிய ஏற்பாடு ஒரு கெஜட் விளம்பரத்தில் விழித்துக்கொண்டது.

கடனை வாங்கியவன் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்பதில் நமக்கு அபிப்பிராய பேதம் கிடையாது. கடன்பட்டவனுக்கெல்லாம் பரிந்து பேசுவதே தேசபக்தி என்று நினைப்பவர்களோடு நாம் சேரவில்லை. ஆனால் யாருடைய கடன், எந்தக் கோர்ட்டில், எவ்விதமாகத் தீர்மானிக்கப்பட்டது, எதைக்கொண்டு வசூலிக்கப்படுகிறது என்று கேட்பதற்குச் சட்டம் இடம் கொடுத்திருக்கிறது. அந்த இடத்தை உபயோகிக்காமல் விடுவதும், உபயோகிக்கத் தெரியாமல் பயந்து சாவதும் நம் ஜனங்களின் வழக்கமாகிவிட்டன. வேலை போய் ஊர் திரும்பியவனுக்கு வசூல் ஏஜெண்டு ஒருவன் டெலிபோன் செய்து, “போலீஸ் வரும், பாஸ்போர்ட்டைப் பறிப்பார்கள், வீட்டுக்குப் பூட்டுப் போடுவார்கள்” என்று மிரட்டினால் போதும்; கொடிக்கால் குத்தகையை விட்டும் மனைவியின் நகையை விற்றும் ஒரு தொகையைக் கட்டிவிடுகிறான். டிக்ரி உண்டா, இல்லையா என்று கேட்பதில்லை. ஜப்தி செய்யும் அதிகாரம் கோர்ட்டு அமீனாவுக்குத்தான் உண்டு. அதுவும் கோர்ட்டின் உத்தரவு கையில் இருந்தால் மட்டுமே. டெலிபோனில் பேசுகிறவன் அமீனா அல்ல.

உண்மையாகவே டிக்ரி வந்து தாக்கலாகிவிட்டால் என்ன செய்வது? இந்த விஷயத்தில் அந்நிய டிக்ரிக்கும் உள்நாட்டு டிக்ரிக்கும் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. காட்டுமன்னார்கோவில் முன்சீப்போ சிதம்பரம் ஸப் ஜட்ஜோ கொடுத்த டிக்ரியானால், நிறைவேற்றும் கோர்ட்டு அதன் நியாய அநியாயத்துக்குள் புகமுடியாது. டிக்ரியில் கண்டபடி செய்யவேண்டியதுதான் அதன் வேலை. இதை ஸுப்ரீம் கோர்ட்டார் 1970-ல் ஒரு குஜராத் வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறார்கள். தீர்ப்பளித்த கோர்ட்டுக்கு அதிகாரமே இல்லாமலிருந்தால் மட்டும், அந்த டிக்ரி வெற்றுக் காகிதம் என்று எந்தக் கட்டத்திலும் ஆக்ஷேபிக்கலாம். இது 1954-லிருந்து நிலைபெற்ற விதி. ஆனால் அந்நிய டிக்ரி விஷயத்தில் சட்டத்தின் 13-ஆவது பிரிவு ஆறு வாசல்களைத் திறந்து வைத்திருக்கிறது. தகுந்த அதிகாரமில்லாத கோர்ட்டு கொடுத்தது, வழக்கின் குண தோஷங்களை விசாரித்துக் கொடுக்கப்படாதது, சர்வதேசச் சட்டத்தைத் தவறாகக் கொண்டதாகவோ, பொருந்தக்கூடிய இடத்தில் இந்தியச் சட்டத்தை அங்கீகரிக்க மறுத்ததாகவோ பார்த்தவுடன் தெரிவது, இயற்கை நியாயத்துக்கு விரோதமான நடவடிக்கையில் பிறந்தது, மோசடியால் பெற்றது, இந்தியச் சட்டத்தை மீறிய கோரிக்கையைத் தாங்கியது. இவற்றுள் ஒன்றைக் கடனாளி ருஜுப்படுத்திவிட்டால், ஜில்லாக் கோர்ட்டு அந்த டிக்ரியை நிறைவேற்ற மறுக்க வேண்டும் என்றே 44-ஏ பிரிவு கட்டளையிடுகிறது. வரியும் அபராதமும் இந்தப் பிரிவின் கீழ் வரவே மாட்டா. ஆகவே ஒரு செக்கு திரும்பியதற்காக அங்கே கிரிமினல் கோர்ட்டு விதித்த அபராதத்தை இங்கே வசூலிக்க வழியில்லை.

முதல் வாசலைப் பற்றி ஒரு பழைய கதை உண்டு. பஞ்சாபில் பரீத்கோட் ராஜாவிடம் பொக்கிஷ உத்தியோகம் பார்த்த குர்தயாள் சிங் என்பவர் வேலையை விட்டு வேறு சமஸ்தானத்துக்குப் போய்விட்டார். பிறகு ராஜா தம்முடைய கோர்ட்டிலேயே அவர்மீது வழக்குப் போட்டு, அவர் ஆஜராகாத நிலையில் டிக்ரி பெற்றுக்கொண்டார். அந்த டிக்ரியை வைத்து பிரிட்டிஷ் கோர்ட்டில் பணம் கேட்டபோது, வழக்கு ஆரம்பிக்கும் சமயத்தில் அந்த எல்லைக்குள் இல்லாதவரும், அந்தக் கோர்ட்டுக்கு உட்பட ஒப்பாதவருமான ஒருவர்மீது கொடுத்த பண டிக்ரி வெளியே எங்கும் செல்லாது என்று பிரிவி கவுன்ஸில் 1894-ல் தீர்ப்பளித்தது. கடன் அந்த ஊரில் ஏற்பட்டது என்ற ஒரே காரணம் போதாது. இன்று துபாயில் வேலையிழந்து, விசா முடிந்து ஊர் வந்து சேர்ந்தபின் வழக்குப் போடப்பட்ட லால்பேட்டைவாசிக்கும் அந்தப் பொக்கிஷதாருக்கும் அதிக தூரமில்லை. ஆனால் ஒரு எச்சரிக்கையும் வேண்டும். கடன் பத்திரத்தில் ‘இந்நாட்டுக் கோர்ட்டுகளின் அதிகாரத்துக்கு உட்பட ஒப்புகிறேன்’ என்ற ஷரத்து இருந்து அதன் கீழ் கையெழுத்துப் போட்டிருந்தால், பரீத்கோட் தீர்ப்பு அவ்வளவாக உதவாது. பாங்கிக்காரர்கள் அச்சிட்டு வைத்திருக்கும் பாரங்களில் எந்த ஷரத்துத்தான் இராது! வாங்குகிறவன் தொகையைப் படிக்கிறான். ஷரத்தை யார் படிக்கிறார்கள்?

இரண்டாவது வாசல் இன்னும் அகலமானது. அதைத் திறந்துவைத்தது நம் சென்னை மாகாணத்து வழக்கே. லண்டன் கோர்ட்டில் பிரதிவாதியாயிருந்த விசுவநாத ரெட்டி என்பவர், அங்கே கேட்கப்பட்ட கேள்விகளுக்கு விடையளிக்கவில்லை என்பதற்காக அவருடைய எதிர்வாதம் முழுவதும் அடித்துவிடப்பட்டு, வாதிக்குத் தீர்ப்பாயிற்று. அந்தத் தீர்ப்பைச் சென்னையில் அமல் நடத்த வந்தபோது, 1916-ல் பிரிவி கவுன்ஸிலே அதை நிராகரித்தது. விசாரணையின்றித் தண்டனைபோலக் கொடுத்த தீர்ப்பு, குண தோஷங்களைப் பார்த்துக் கொடுத்த தீர்ப்பாகாது என்பது காரணம். ஆங்கிலேயக் கோர்ட்டின் தீர்ப்பை ஆங்கிலேய நீதிபதிகளே இங்கே செல்லாது என்று சொன்னார்கள் என்பதை, அந்நிய முத்திரையைக் கண்டதும் கை கூப்பும் நம்மவர்கள் கவனிக்க வேண்டும். 2001-ல் ஒரு கம்பளி ஆலை வழக்கில் நமது ஸுப்ரீம் கோர்ட்டாரும் அந்த வழியையே பின்பற்றினார்கள். பிரதிவாதி ஆஜராகவில்லை என்பதை மட்டும் வைத்து, சாட்சியம் எதையும் பாராமல் இங்கிலாந்தில் கொடுத்த எக்ஸ்பார்ட்டி டிக்ரி இந்தியாவில் செல்லாது என்றார்கள். எக்ஸ்பார்ட்டி என்றாலே செல்லாது என்று இதற்குப் பொருளல்ல. பிரதிவாதி வராவிட்டாலும், நீதிபதி கணக்கையும் பத்திரத்தையும் பார்த்து, கடன் உண்மை என்று காரணத்தோடு எழுதியிருந்தால் அது குண தோஷ விசாரணைதான். தீர்ப்பின் வாசகத்தில்தான் எல்லாம் இருக்கிறது.

இங்கே ஒரு புதிய கேள்வி எழுகிறது. எமிரேட்ஸ் நாட்டில் 2022 ஜனவரி முதல் செக்குச் சட்டம் மாறியிருக்கிறது. பணமில்லாமல் செக்கு திரும்பினால் முன்போல ஜெயில் என்பது பெரும்பாலும் போய், அந்தச் செக்கையே நேராக நிறைவேற்றும் பத்திரமாகக் கொண்டு வழக்கின்றி வசூலுக்குப் போகலாம் என்று ஆகியிருக்கிறது. பாங்கிகள் கடன் கொடுக்கும்போதே ஜாமீன் செக்கு வாங்கி வைத்துக்கொள்ளும் வழக்கம் அங்கே சென்றவர்களுக்குத் தெரியும். அவ்விதமான செக்கின்மேல், விசாரணையே இல்லாமல் பிறந்த ஒரு நிறைவேற்று உத்தரவை இங்கே ‘டிக்ரி’ என்று கொண்டுவந்தால், 13-ஆவது பிரிவின் முன் அது நிற்குமா? நிற்கலாகாது என்பதே நம் அபிப்பிராயம். எதிர்வாதம் அடிக்கப்பட்ட தீர்ப்பே குண தோஷத் தீர்ப்பல்ல என்றால், எதிர்வாதத்துக்குச் சந்தர்ப்பமே இல்லாத உத்தரவு எப்படி அவ்வாறு ஆகும்?

இவ்வளவும் கோர்ட்டுக்குப் போய்ச் சொன்னால்தான். சர்டிபை செய்த நகல் வந்தாலே, தீர்ப்பளித்த கோர்ட்டுக்கு அதிகாரம் இருந்தது என்று அனுமானிக்க வேண்டும் என்று 14-ஆவது பிரிவு சொல்கிறது. அதை மறுக்கும் பாரம் கடனாளியின் தலையில் இருக்கிறது. கடலூரிலிருந்து வரும் நோட்டீஸைத் திண்ணையில் போட்டுவிட்டுப் பேசாமலிருப்பவனுக்கு ஆறு வாசல்களில் ஒன்றும் திறக்காது.

ஆக்ஷேபணை தோற்றதென்றே வைத்துக்கொள்வோம். அப்பொழுதும் கடனாளியின் சகல ஆஸ்தியும் போய்விடாது. ஜப்தி செய்யக்கூடாதவை இன்னவை என்று 60-ஆவது பிரிவு கூறுகிறது. உடுக்கும் துணி, சமைக்கும் பாத்திரம், படுக்கை, மத வழக்கப்படி ஒரு ஸ்திரீ தன் உடம்பினின்றும் நீக்கலாகாத நகை, தொழிலாளியின் கருவி, விவசாயியின் கலப்பையும் மாடும் விதையும், விவசாயியோ கூலியாளோ தான் குடியிருக்கும் வீடு ஆகிய இவற்றை அமீனா தொடக்கூடாது. கொடிக்கால் வைத்துப் பிழைப்பவன் விவசாயிதான். ஆனால் பத்து வருஷம் துபாயில் கடைச் சிப்பந்தியாயிருந்துவிட்டு, திரும்பியபின் தன்னை விவசாயி என்று சொல்லிக்கொள்பவனிடம் கோர்ட்டு ருஜு கேட்கும். தாயார் பெயரிலோ மனைவி பெயரிலோ உள்ள சொத்தை ஜப்தி செய்தால், அவர்கள் 21-ஆம் கட்டளையின் 58-ஆவது விதிப்படி கிளெயிம் மனுப் போடலாம். கடன் முற்றியபின், கடன்காரனை ஏமாற்றுவதற்கென்றே எழுதிவைத்த சொத்தாயிருந்தால் அது 1882-ஆம் வருஷச் சொத்து மாற்றச் சட்டத்தின் 53-ஆவது பிரிவில் மாட்டிக்கொள்ளும். நம் ஊர்களில் வீட்டைப் பெண்பெயரில் எழுதுவது பெரும்பாலும் பிரியத்தாலா பயத்தாலா என்று நாம் ஆராயப் புகவில்லை.

ஏலத்திலும் கவனிக்கவேண்டியது உண்டு. கடனுக்கு எவ்வளவு போதுமோ அவ்வளவையே விற்கவேண்டும் என்று 64-ஆவது விதி இருக்கிறது. ஆந்திரத்து வழக்கொன்றில், சுமார் 2,400 ரூபாய் டிக்ரிக்காகப் பத்து ஏக்கர் நிலத்தை முழுவதும் 17,000 ரூபாய்க்கு ஏலம் போட்டுவிட்டார்கள். 1989-ல் ஸுப்ரீம் கோர்ட்டார் அந்த ஏலத்தை ரத்து செய்து, ஒரு பாகத்தை விற்றால் போதுமா என்று பார்ப்பது கோர்ட்டின் விருப்பமல்ல, கடமை என்று கூறினார்கள். லால்பேட்டையைச் சுற்றிலும் உள்ள நிலத்தின் இன்றைய விலையை எண்ணிப் பார்த்தால், இந்தத் தீர்ப்பு எவ்வளவு அவசியமென்பது விளங்கும்.

ஜெயிலைப் பற்றிய பயம் எல்லாவற்றிலும் பெரிது. சிவில் கடனுக்காக மனிதனைச் சிறையில் அடைக்கும் பிரிவு நம் சட்டப் புஸ்தகத்தில் இன்னும் இருப்பது வெட்கத்துக்குரியது என்றே நாம் கருதுகிறோம். எனினும் அதன் பல்லை 1936-லேயே ஓரளவு பிடுங்கிவிட்டார்கள். கடனாளி ஓடிவிடப் பார்க்கிறான் என்றோ, சொத்தைக் கபடமாக மறைத்தான் என்றோ, டிக்ரிக்குப் பின் கொடுக்கச் சக்தியிருந்தும் கொடுக்க மறுக்கிறான் என்றோ கோர்ட்டுக்குக் காரணத்தோடு திருப்தி ஏற்பட்டாலன்றி வாரண்டு கூடாது. ஜப்திக்கு உட்படாத சொத்தை அந்தச் ‘சக்தி’யில் சேர்க்கக்கூடாது. 1980 பிப்ரவரி 4-ந் தேதி, கொச்சி பாங்கி தொடர்ந்த ஒரு வழக்கில் ஸ்ரீ வி. ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு இதற்கு உயிர் கொடுத்தது. கடன் உடன்படிக்கையை நிறைவேற்ற முடியாமை ஒன்றுக்காகவே எவரையும் சிறை வைக்கலாகாது என்ற சர்வதேச உடன்படிக்கையை 1979-ல் இந்தியா ஏற்றிருப்பதை அவர் எடுத்துக்காட்டினார். முன்பு எப்பொழுதோ பணம் இருந்தது என்பது போதாது. இன்று கையில் இருந்தும், கெட்ட எண்ணத்தோடு மறுக்கிறானா என்று விசாரிக்க வேண்டும் என்றார். இது நாற்பது வருஷத்துக்கு முந்திய தீர்ப்பு. ஆயினும் விசாரணையின்றி அச்சடித்த வார்த்தைகளில் வாரண்டு கையெழுத்தாகும் பழக்கம் அடியோடு ஒழிந்துவிட்டதாக நாம் நம்பவில்லை. மேலும் 2,000 ரூபாய்க்கு மேற்படாத டிக்ரிக்குச் சிறையே கிடையாது. 5,000-க்கு மேற்பட்டாலும் மூன்று மாதத்துக்கு மேல் கூடாது. பண டிக்ரிக்காக ஸ்திரீகளைக் கைது செய்யவே கூடாது. சூரியன் அஸ்தமித்தபின் வீட்டுக்குள் நுழையக்கூடாது. சிறையில் கிடப்பவனுக்குச் சாப்பாட்டுப் பணத்தை டிக்ரிதாரே கட்டவேண்டும். கட்டத் தவறினால் கதவு திறந்துவிடும்.

டிக்ரியே கடவுள் வாக்கு என்று எண்ணும் வக்கீல்களுக்கு நம் மாகாணத்துச் சரித்திரத்தையும் ஞாபகப்படுத்தவேண்டும். 1938-ல் ராஜாஜி மந்திரிசபை கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், டிக்ரியாகிவிட்ட கடனையும் விடவில்லை. 1932 அக்டோபருக்கு முந்திய கடன்களில், 1937 அக்டோபர் 1-ந் தேதிவரை ஏறியிருந்த வட்டியை அது துடைத்தது. அசலுக்கு இரட்டிப்பாகக் கட்டியிருந்தால் கடனே தீர்ந்ததாக்கிற்று. கோர்ட்டே தன் டிக்ரியைத் திருத்தவேண்டும் என்று சட்டத்தின் 19-ஆவது பிரிவு சொல்லிற்று. லேவாதேவிக்காரர்கள் சும்மா இருக்கவில்லை. புரோநோட்டு விஷயம் மத்திய சர்க்காரைச் சேர்ந்தது, மாகாணச் சட்டம் அதில் கைவைக்கலாகாது என்று டில்லி பெடரல் கோர்ட்டு வரையில் போனார்கள். 1940-ல் சுப்பிரமணியன் செட்டியார் வழக்கில் பெடரல் கோர்ட்டார், புரோநோட்டு டிக்ரியில் கலந்தபின் அது டிக்ரிக் கடனே, சட்டத்தின் சாரத்தைப் பார்க்கவேண்டும் என்று கூறி, சட்டத்தை நிலைநிறுத்தினார்கள். 1947-ல் வங்காளத்து வழக்கில் பிரிவி கவுன்ஸிலும் அந்தத் தத்துவத்தையே ஏற்றது. ஜனப் பிரதிநிதிகள் விரும்பினால் டிக்ரியின் கடுமையைக் குறைக்க முடியும் என்று அப்பொழுதே ஸ்தாபிதமாயிற்று.

டிக்ரிதாரன் பக்கத்தையும் நாம் மறக்கவில்லை. இந்தியாவில் வழக்காளியின் கஷ்டம் டிக்ரி பெற்றபின்தான் ஆரம்பமாகிறது என்று 1872-லேயே பிரிவி கவுன்ஸிலில் சொன்னார்கள். 2021-ல் ஸுப்ரீம் கோர்ட்டார் நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்கவேண்டும் என்று உத்தரவிட்டார்கள். 2025 மார்ச்சில், தமிழ்நாட்டிலிருந்து சென்ற பெரியம்மாள் வழக்கில் மறுபடியும் அதையே வற்புறுத்தி, எல்லா ஹைக்கோர்ட்டுகளிடமும் கணக்குக் கேட்டார்கள். அவ்வருஷம் அக்டோபரில் வந்த கணக்குப்படி, தேச முழுவதிலும் 8 லட்சத்து 82 ஆயிரத்துக்கு மேற்பட்ட மனுக்கள் தேங்கிக் கிடந்தன. தமிழ்நாட்டின் பங்கு 86 ஆயிரத்துக்கு மேல். இந்த மனுதாரர்களில் பெரிய பாங்கிகள் மட்டுமா இருக்கிறார்கள்? ஜீவனாம்சத்துக்குக் காத்திருக்கும் பெண்ணும், மகளின் கல்யாணத்துக்குக் கொடுத்துவைத்த பணத்தைத் திரும்பக் கேட்கும் கிழவரும் அந்த எண்ணிக்கைக்குள் இருக்கிறார்கள். அவர்கள் மனுவும் அந்நிய பாங்கியின் மனுவும் ஒரே வரிசையில் நிற்கும்போது, வரிசையை மீறும் வசதி யாருக்கு உண்டு என்பது எல்லாருக்கும் தெரியும்.

2020-ஆம் வருஷ விளம்பரத்தை ரத்து செய்யவேண்டும் என்று நாம் கேட்கவில்லை. பரஸ்பரம் என்றால் இரண்டு பக்கமும் ஓடவேண்டும். சம்பளத்தைக் கொடுக்காமல் கடையை மூடிவிட்டு இந்தியாவுக்கு வந்துவிட்ட முதலாளியின்மீது, அங்கே தொழிலாளி பெற்ற பண டிக்ரியும் இதே 44-ஏ பிரிவில் இங்கே செல்லும். அந்த உபயோகத்தை யாராவது நம் தொழிலாளிகளுக்கு எடுத்துச் சொன்னார்களா? 1987-ஆம் வருஷச் சட்டப்படி ஜில்லாதோறும் சட்ட உதவிக் குழு இருக்கிறது. கடலூர்க் குழுவினர் காட்டுமன்னார்கோவில் தாலூகாவில் இதற்கென்றே ஒரு நாள் உட்கார்ந்தால், டெலிபோன் மிரட்டல்காரர்களின் வியாபாரம் பாதியாகக் குறையும். தூதுவர் காரியாலயத்தாரும், கடன் வழக்கில் சம்மன் பெற்ற இந்தியனுக்கு அங்கேயே எதிர்வாதம் செய்ய வக்கீல் கிடைக்கும்படி பார்க்கவேண்டும். அங்கே விட்டதை இங்கே பிடிப்பது கடினம்.

துபாய்க் கோர்ட்டின் தீர்ப்பு அரபு மொழியில் இருக்கும். கூடவே வரும் மொழிபெயர்ப்பை நம்பி வக்கீல்கள் வாதிப்பார்கள். லால்பேட்டையில் அரபு எழுத்தைப் படிக்க ஆள் தேடிப் போகவேண்டியதில்லை. நூற்றறுபது வருஷத்துக்கு மேலாக அவ்வூர்க் கலாசாலையில் அதைக் கற்பித்து வருகிறார்கள். டிக்ரி நகல் கைக்கு வந்ததும், வழக்குப் போட்ட தேதி எது, சம்மன் எந்த விலாசத்துக்கு எவ்விதம் சேர்ந்ததாக எழுதியிருக்கிறது, நீதிபதி ஏதாவது கணக்கையோ சாட்சியத்தையோ பார்த்ததாகச் சொல்லியிருக்கிறாரா என்னும் மூன்றையும் முதலில் மூலத்திலேயே படித்துக் குறித்துக்கொண்டு, பிறகு கடலூருக்குப் பஸ் ஏறலாம்.